கடவுளின் தாகம்

கொல்கத்தாவின் ஆச்சாரிய ஜகதீஷ் சந்திர போஸ் சாலையில், மிஷனரீஸ் ஆஃப் சாரிட்டி எனப்படும் பிறரன்பு மறைப்பணியாளர் சபையின் தலைமை இல்லம் இருக்கிறது. அதன் சிற்றாலயத்தில், சிலுவைக்கு அருகே, தமக்குத் தாகமாயிருக்கிறது என்று இயேசு இறக்கும் தறுவாயில் சொன்ன சொல் எழுதப்பட்டுள்ளது. இச்சபையின் இல்லம் உலகில் எங்கே இருந்தாலும் அதன் சிற்றாலயச் சுவரில் இச்சொல்லைக் காணலாம். வழிபாட்டிடத்துச் சுவரில் கடவுளின் பெருமையோ கட்டளையோ அடியாரின் மன்றாட்டோ இடம்பெறுவதுதான் வழக்கம். இங்கே எழுதப்பட்டிருப்பது கடவுளின் மன்றாட்டு. கேட்பவர் அவர், கொடுக்க வேண்டியவர் எதிரே முழந்தாளிட்டிருக்கும் மனிதர்.

மனிதர் கடவுளைத் தேடுவதே ஆன்மிகம் என்பது பொதுவான எண்ணம். நீரோடைக்கு ஏங்கும் மானைத் திருப்பாடல் ஆசிரியர் உவமையாக்கியதும் அந்தத் தேடலைச் சொல்லத்தான். கிறிஸ்தவ ஆன்மிகம் அதை மறுப்பதில்லை. ஆனால் அதற்கு முன்பே வேறொரு தேடல் தொடங்கிவிட்டது என்று அது கூறுகிறது. மனிதருக்குக் கடவுள்மேல் ஏக்கம் பிறக்கும் முன்னரே கடவுளுக்கு மனிதர்மேல் ஏக்கம் இருந்தது. மனிதரின் தேடல் அதற்குக் காலந்தாழ்ந்து வந்த மறுமொழி. இந்த ஒரே நம்பிக்கையின்மேல் தம் வாழ்வையும் தாம் நிறுவிய சபையையும் கட்டியெழுப்பியவர் அன்னை தெரேசா. அதே அன்னை தெரேசா, அந்த அன்பைத் தம் உள்ளத்தில் ஏறத்தாழ 50 ஆண்டுகள் உணராமலேயே வாழ்ந்தார் என்பது அவர் மறைந்து பத்தாண்டுகளுக்குப் பிறகே உலகுக்குத் தெரிந்தது. கடவுளின் நிபந்தனையற்ற அன்பைப் பற்றிய பேச்சு எளிதில் இனிப்பான பேச்சாகிவிடும். அவரது வாழ்வு அந்தப் பேச்சை அதன் மிகக் கடினமான இடத்தில் நிறுத்திச் சோதிக்கிறது.

தமிழில் இதைச் சிந்திப்போருக்கு வேட்கை என்ற சொல் துணைநிற்கிறது. நீர்வேட்கை என்றால் தாகம். வேட்கை என்று தனித்து நின்றால் காதல் விருப்பம். நாவின் வறட்சிக்கும் நெஞ்சின் ஏக்கத்துக்கும் ஒரே சொல் போதுமென்று இம்மொழி கண்டிருக்கிறது. தொல்காப்பியக் களவியல் காதலின் நிலைகளை அடுக்கும்போது வேட்கையில் தொடங்கிச் சாக்காட்டில் முடிக்கிறது. இடையே இடைவிடாது நினைத்தலும் மெலிதலும் நாணத்தின் எல்லையைக் கடத்தலும் வருகின்றன. தொல்காப்பியர் பேசுவது தலைவன், தலைவியின் காதலை. அந்த நூற்பாவுக்குச் சமயப் பொருள் ஏற்றுவது முறையன்று. ஆயினும் அவ்வரிசையை அறிந்த ஒருவர், ஆடை களையப்பட்டு, குருதி வற்றி, தாகத்தைச் சொல்லி இறந்த ஒருவரின் வரலாற்றைப் படிக்கும்போது அதை நினைக்காமல் இருப்பதும் கடினம்.

நற்செய்தி நூல்களில் இயேசு மூன்று இடங்களில் தாகத்தோடு தொடர்புபட்டு நிற்கிறார். யோவான் நற்செய்தியின் 4ஆம் அதிகாரத்தில், நண்பகல் வெயிலில் யாக்கோபின் கிணற்றோரம் அமர்ந்து, சமாரியப் பெண் ஒருவரிடம் தண்ணீர் கேட்கிறார். யூதர் சமாரியரோடு பழகாத காலம் அது. வாழ்வுதரும் தண்ணீரைத் தம்மால் தர முடியும் என்று சொல்பவர், முதலில் தம் வாய்க்கு ஒரு மிடறு நீர் கேட்டே அந்த உரையாடலைத் தொடங்குகிறார். அதே நற்செய்தியின் 19ஆம் அதிகாரத்தில் சிலுவையில் தாகத்தைச் சொல்கிறார். மத்தேயு நற்செய்தியின் 25ஆம் அதிகாரத்தில், இறுதித் தீர்ப்பைப் பற்றிய உரையில், தாகமுற்ற எளியவர் ஒவ்வொருவரும் தாமே என்கிறார். இம்மூன்றையும் ஒரே நூலில் கோத்ததுதான் அன்னை தெரேசாவின் ஆன்மிகம். புதிதாக அவர் எதையும் சேர்க்கவில்லை. பலரும் தனித்தனியே படித்துக் கடந்துபோனவற்றை ஒன்றாகப் படித்தார்.

கடவுளுக்குத் தாகம் என்று சொல்வதில் இறையியல் சிக்கல் ஒன்று உண்டு. கடவுள் நிறைவானவர், குறையற்றவர், எதனாலும் பாதிக்கப்படாதவர் என்பது கிரேக்க மெய்யியல் வழியாகக் கிறிஸ்தவச் சிந்தனைக்குள் வந்து வேரூன்றிய கருத்து. குறையற்றவருக்குத் தேவை எப்படி வரும்? மூன்றாம் நூற்றாண்டிலேயே ஓரிஜன், எசேக்கியேல் நூலைப் பற்றிய மறையுரை ஒன்றில், இறைமகன் மனிதராக வந்த பிறகு துன்புற்றார் என்பதைவிட, மனிதர்மேல் கொண்ட அன்பால் முதலில் துன்புற்றதனால்தான் மனிதராக வந்தார் என்று விளக்கினார். நான்காம் நூற்றாண்டில் நசியான்சு நகர் கிரகோரி, மனிதர் தமக்காகத் தாகம் கொள்ள வேண்டும் என்பதே கடவுளின் தாகம் என்றார். கிணற்றோரம் இயேசு கேட்டது அப்பெண்ணின் நம்பிக்கையை என்று அகுஸ்தீன் பொருள் கொண்டார். 1373இல் கடும் நோயுற்றபோது காட்சிகள் கண்ட இங்கிலாந்தின் நார்விச் ஜூலியன், கிறிஸ்துவின் உடல்தாகம் சிலுவையோடு முடிந்தாலும் அவருடைய ஆன்மத் தாகம் உலகின் இறுதி நாள்வரை நீடிக்கும் என்று எழுதினார். இவர்கள் காட்டும் விடை ஏறத்தாழ ஒன்றுதான்: கடவுளின் தாகம் இல்லாமையிலிருந்து பிறந்தது அன்று, அன்பு தானே விரும்பி ஏற்றுக்கொண்ட இல்லாமை அது.

இருபதாம் நூற்றாண்டில் இக்கேள்வி வேறு வடிவம் எடுத்தது. சுவீடன் நாட்டு லூத்தரன் இறையியலாளர் ஆண்டர்ஸ் நீக்ரன், தம்மையே கொடுக்கும் அன்பாகிய அகாப்பேயையும் விரும்பி அடையத் துடிக்கும் அன்பாகிய ஏரோஸையும் எதிரெதிராக நிறுத்தி, கிறிஸ்தவத்துக்கு உரியது அகாப்பே மட்டுமே என்றார். அவர் கணக்கில் கடவுளின் அன்புக்குப் பொங்கி வழிதல் உண்டு, ஏங்குதல் இல்லை. 2005இல் திருத்தந்தை பதினாறாம் பெனடிக்ட் தமது முதல் சுற்றுமடலில் இதற்கு மறுதலையான முடிவைச் சொன்னார்: கடவுளின் அன்பு ஏரோஸும்தான், அதே வேளையில் முழுமையாக அகாப்பேயும்தான். அதற்கு அவர் சான்றாகக் கொண்டவை ஓசேயா, எசேக்கியேல் ஆகிய இறைவாக்கினரின் நூல்கள். துரோகம் செய்த மனைவியைக் கைவிட மனமில்லாத கணவனாகக் கடவுளைக் காட்டியவர் ஓசேயா. அங்கே கடவுள் சினக்கிறார், புலம்புகிறார், தண்டிக்க எண்ணுகிறார். பின் தம் நெஞ்சமே தமக்கு எதிராகத் திரும்ப, அந்த எண்ணத்தை விட்டுவிடுகிறார். அமைதியான, பற்றற்ற அன்பாக இதைப் படிக்க இயலாது.

இங்கேதான் மெய்யான கேள்வி எழுகிறது. மறுமொழியை எதிர்பார்க்கும் அன்பை எவ்வாறு நிபந்தனையற்ற அன்பு என்பது? ஏங்குபவர் எதையோ கேட்கிறார். கேட்பது கிடைக்காவிட்டால் அன்பு நின்றுவிடாதா? நிபந்தனையையும் ஏக்கத்தையும் பிரித்து அறிவதில் இதற்கான விடை இருக்கிறது. நிபந்தனை அன்புக்கு முன்னால் வாயிற்காவலாக நிற்பது. அது நிறைவேறினால்தான் உள்ளே அனுமதி. ஏக்கம் அன்புக்குப் பின்னால் பிறப்பது. அன்பு ஏற்கெனவே முழுமையாகக் கொடுக்கப்பட்டுவிட்டது என்பதற்கு அதுவே அடையாளம். எதையும் எதிர்பார்க்காத அன்பு உயர்ந்ததுபோலத் தோன்றும். ஆனால் அன்பு செய்யப்படுபவர் வந்தாலும் வராவிட்டாலும் ஒன்றுதான் என்றிருப்பதற்குத் தாராளம் என்று பெயரிடலாம். காதல் என்று பெயரிட முடியாது. தாகத்தைச் சொல்லும் கடவுள், மனிதரின் வருகை தமக்குப் பொருட்டு என்கிறார். வராதவரையும் அவர் நேசிக்கிறார்; வராததால் வருந்துகிறார்.

அன்னை தெரேசா இதை நூல்களில் கற்றதைவிட வாழ்க்கையின் நெருக்கடியில் கற்றதே மிகுதி. 1910இல் ஸ்கோப்யே நகரில் அல்பேனியக் குடும்பத்தில் பிறந்த ஆக்னஸ் கோன்ஜா, 18 வயதில் லொரேட்டோ சபையில் சேர்ந்து, 1929 சனவரியில் இந்தியா வந்தார். டார்ஜிலிங்கில் நவதுறவுப் பயிற்சி. பின்னர் கொல்கத்தாவின் எண்டாலியில் புனித மரியாள் பள்ளியில் ஆசிரியப் பணி. 1942இல், கடவுள் கேட்கும் எதையும் மறுப்பதில்லை என்று, தம் ஆன்ம வழிகாட்டியின் இசைவோடு கமுக்கமாக ஒரு வார்த்தைப்பாடு கொடுத்தார். 1943இல் வங்கப் பஞ்சம். 1946 ஆகஸ்டு 16இல் தொடங்கிய கலவரத்தில் கொல்கத்தாவின் தெருக்கள் பிணக்காடாயின. விடுதியில் இருந்த ஏறத்தாழ 300 மாணவியருக்கு உணவு தேடி அவர் அந்தத் தெருக்களில் வெளியே போக நேர்ந்தது. அடுத்த மாதம், செப்டம்பர் 10ஆம் நாள், ஆண்டுத் தியானத்துக்காக டார்ஜிலிங் நோக்கிச் சென்ற தொடர்வண்டியில் அவருக்கு அந்த அழைப்பு வந்தது. இன்றும் அவருடைய சபை அந்நாளை அகத்தூண்டுதல் நாளாகக் கொண்டாடுகிறது.

அந்தப் பயணத்தில் நேர்ந்தது என்ன என்று கேட்டவர்களிடம் அவர் சுருக்கமாகவே பேசினார்: மடத்தை விட்டு வெளியேறி, ஏழைகளிடையே வாழ்ந்து, அவர்களுக்குப் பணிசெய்ய அழைப்பு வந்தது என்பார். அந்த அழைப்பின் உள்ளே இருந்ததைத் தம் சகோதரிகளுக்குச் சற்றே வெளிப்படையாக எழுத அவருக்கு 1993 மார்ச் 25வரை ஆயிற்று. வாராணசியிலிருந்து எழுதிய மடல் அது. சபையில் தாம் கட்டியெழுப்பிய அனைத்தும் இயேசுவின் தாகத்தைத் தணிப்பதற்காகவே என்பதும், அத்தாகத்தை ஒவ்வொருவரும் தம்மை நோக்கியதாகக் கேட்க வேண்டும் என்பதும் அதன் சாரம். இயேசு தங்களை நேசிக்கிறார் என்பதை அச்சகோதரிகள் அறிவார்கள். அதற்கும் மேலே, தங்களுக்காக அவர் ஏங்குகிறார் என்பதைக் கேட்டிருக்கிறார்களா என்ற அச்சம் அம்மடலில் தொனிக்கிறது. அப்போது அவருக்கு வயது 82.

அந்தத் தாகம் பணியாக மாறிய விதம் கவனிக்கத்தக்கது. 1948 ஆகஸ்டில் நீலக்கரையிட்ட வெள்ளைப் புடவையோடு லொரேட்டோ மடத்தை விட்டு வெளியேறி, பாட்னாவில் மருத்துவப் பணிச் சகோதரிகளிடம் சில மாதங்கள் பயிற்சி பெற்று, டிசம்பரில் கொல்கத்தாவின் சேரிகளுக்குள் நுழைந்தார். மோத்திஜீல் சேரியில் மரத்தடியில் மண்ணில் எழுத்துக் கற்பித்தது தொடக்கம். 1950 அக்டோபர் 7இல் சபை முறையாக நிறுவப்பட்டது. 1952இல் காளிகாட்டில், காளி கோயிலை ஒட்டியிருந்த யாத்திரிகர் விடுதியைக் கொல்கத்தா மாநகராட்சி தர, அது இறக்கும் நிலையில் இருப்போருக்கான நிர்மல் ஹிருதய் இல்லமாயிற்று. ஏழ்மை, கற்பு, கீழ்ப்படிதல் என்ற வழக்கமான மூன்று வார்த்தைப்பாடுகளோடு, ஏழையரில் ஏழையருக்கு முழுமனத்தோடு, கைம்மாறு பெறாமல் பணிசெய்வது என்ற நான்காவதையும் இச்சபையினர் எடுக்கின்றனர். இதில் யார் கொடுப்பவர், யார் பெறுபவர் என்ற கணக்கு புரண்டுபோகிறது. கடவுளின் அன்பை எடுத்துச் சென்று ஏழைக்குக் கொடுப்பது ஒரு பாதி. ஏழையின் வாய்வழியே கடவுள் கேட்பதைக் கேட்டு அவருக்குக் கொடுப்பது மறுபாதி. இரண்டாவது பாதி இல்லாவிட்டால் முதலாவது வெறும் இரக்கமாகக் குறுகிவிடும் என்று அவர் அஞ்சினார்.

பணி தொடங்கிய நாள்களிலேயே அவருக்குள் ஒளி அணைந்தது. 1946இலும் 1947இலும் அவர் அனுபவித்த நெருக்கம், அந்நெருக்கம் ஏவிய பணி தொடங்கியதும் நின்றுபோயிற்று. பேராயர் பெரியேருக்கும் ஆன்ம வழிகாட்டிகளுக்கும் எழுதிய மடல்களில் அவர் இருளைப் பற்றி எழுதினார். வேண்டும்போது யாரும் இல்லாததுபோல் இருக்கிறது என்றும், தாம் விரும்பப்படாதவர்போல் உணர்வதாகவும் எழுதினார். 1958 அக்டோபரில் திருத்தந்தை பன்னிரண்டாம் பத்திநாதருக்கான நினைவுத் திருப்பலியின்போது இருள் விலகியது. ஏறத்தாழ ஒரு மாதத்தில் மீண்டும் கவிந்தது. அந்த ஆண்டுகளில் அவரைக் கண்டவர்கள் நினைவில் வைத்திருப்பது அவருடைய புன்னகையை. அந்தப் புன்னகை ஒரு போர்வை என்று அவரே தம் வழிகாட்டிகளுக்கு எழுதியிருக்கிறார்.

1961இல் சகோதரிகளுக்குத் தியானம் வழங்க வந்த ஆஸ்திரிய இயேசு சபை இறையியலாளர் யோசப் நொய்னரிடம் அவர் தம் நிலையை எழுதிக் கொடுத்தார். நொய்னரின் மறுமொழியில் மூன்று கூறுகள் இருந்தன. இந்த இருளுக்கு மனித மருந்து இல்லை. எனவே தாம் ஏதோ பிழை செய்ததாக அவர் குற்ற உணர்வு கொள்ள வேண்டியதில்லை. கடவுளை உணர்வது மட்டுமே அவர் உடனிருப்பதற்குச் சான்றாகாது. அவருக்காக இவ்வளவு ஏங்குவதே அவர் மறைவாக உடனிருக்கிறார் என்பதன் உறுதியான அடையாளம். இந்த இருளைத் தம் பணியின் ஆன்மிகப் பக்கமாக ஏற்றுக்கொள்ளலாம். அதன் பிறகும் இருள் அகலவில்லை. ஆனால் தாம் அந்த இருளை நேசிக்கத் தொடங்கியிருப்பதாக அவர் எழுதினார். விரும்பப்படாமை என்பதே ஏழ்மையில் கொடிய ஏழ்மை என்று அவர் மேடைகளில் பலமுறை சொல்லிவந்தார். அது பிறரைப் பார்த்து மட்டும் அறிந்ததன்று என்பதைக் கேட்டவர்கள் அன்று அறியவில்லை.

அம்மடல்களை அழித்துவிடுமாறு அவர் கேட்டுக்கொண்டார். அவை காக்கப்பட்டு, புனிதர் பட்டத்துக்கான பணிகளை முன்னெடுத்த பிரையன் கோலோடியச்சுக் அடிகளாரின் தொகுப்பாக 2007இல் வெளிவந்தன. அன்னை தெரேசாவுக்கு நம்பிக்கையே இருக்கவில்லை என்று சிலர் முடிவுகட்டினர். நம்பிக்கையற்றவர் கடவுளின் இல்லாமையால் இவ்வாறு வதைபடுவதில்லை என்பதை அம்முடிவு கணக்கில் கொள்ளவில்லை. அவர் மடல்களில் ஒலிப்பது மறுமொழி வராத காதலின் துயரம். இதற்கு அவர் ஏற்றிருந்த பெயரிலேயே முன்னடையாளம் உண்டு. லிசியே நகர் தெரேசா 1887இல், சிலுவையில் அறையப்பட்ட இயேசுவின் படம் ஒன்றைப் பார்த்தபோது அதே தாகச் சொல்லைத் தம் உள்ளத்தில் கேட்டதாக எழுதியிருக்கிறார். கொலைக் குற்றத்துக்கு மரண தண்டனை பெற்ற ஒருவனுக்காக மன்றாடத் தொடங்கியது அதனால்தான். 1896 உயிர்ப்புப் பெருவிழாக் காலத்திலிருந்து இறக்கும்வரை அவரும் நம்பிக்கையின் இருளிலேயே வாழ்ந்தார். 1897 செப்டம்பரில் அவர் இறந்தார். அவர் பெயரை ஏற்ற மற்றொருவர் ஏறத்தாழ நூறாண்டு கழித்து, 1997 செப்டம்பர் 5இல் கொல்கத்தாவில் இறந்தார். அன்பின் தாகத்தைக் கேட்ட இருவருமே அந்த அன்பின் இனிமையை இழந்தவர்களாக இறுதிவரை நடந்தார்கள்.

அன்னை தெரேசாவின் இல்லங்கள்மீது வைக்கப்பட்ட விமர்சனங்களை இவ்விடத்தில் தாண்டிப் போக முடியாது. 1994இல் லான்செட் மருத்துவ இதழில் அதன் ஆசிரியராயிருந்த ராபின் ஃபாக்ஸ், காளிகாட் இல்லத்தில் நோயைக் கண்டறியும் முறை போதாமையையும் வலிநிவாரணத்தின் குறையையும் சுட்டிக்காட்டினார். 1995இல் கிறிஸ்டோபர் ஹிச்சன்ஸின் நூல் இன்னும் கடுமையாகத் தாக்கியது. பக்தியால் இவற்றை மழுப்புவது அன்னை தெரேசாவின் சொந்தக் கொள்கைக்கே முரண். வலியில் கிடப்பவரின் வாயில் கேட்பது கடவுளின் தாகம் என்றால், அந்த வலியைத் தணிக்க மருத்துவம் அறிந்துள்ள சிறந்த வழியைத் தேடுவது கட்டாயமாகிறது. துன்பத்துக்கு ஆன்மிகப் பொருள் கண்டுவிட்டதால் துன்பத்தைக் குறைக்கும் கடமை தளர்வதில்லை, கூடுகிறது. சுவரில் எழுதப்பட்ட சொல்லே அவ்வில்லங்களின் மிகக் கண்டிப்பான ஆய்வாளர்.

அந்தச் சொல்லுக்கு முதலில் கிடைத்த மறுமொழியையும் நினைத்துப் பார்க்க வேண்டும். தாகம் என்றவருக்குத் தண்ணீர் கிடைக்கவில்லை. காவலிருந்த படைவீரர் குடிக்கும் மலிவான, புளித்த திராட்சை இரசம் கடற்பஞ்சில் தோய்த்து நீட்டப்பட்டது. லூக்கா நற்செய்தியில் அது ஏளனமாக வருகிறது. மத்தேயுவும் மாற்குவும், சிலுவையில் அறையுமுன் கொடுக்கப்பட்ட கலப்புப் பானத்தை இயேசு ஏற்கவில்லை என்கின்றனர். யோவான் மட்டும் இறுதியில் நீட்டப்பட்ட அந்தப் புளித்த இரசத்தை அவர் பெற்றுக்கொண்டதாகச் சொல்லி, அதன் பிறகே எல்லாம் நிறைவேறியது என்ற அவருடைய கடைசிச் சொல்லை வைக்கிறார். உலகத்தின்மேல் கொண்ட தாகத்துக்கு உலகம் கொடுத்தது புளிப்பு. அவர் அதைத் தள்ளவில்லை. கொடுப்பவரின் தகுதியையும் கொடுக்கப்பட்டதன் சுவையையும் பார்த்து ஏற்பதாயிருந்தால் அன்பு அங்கேயே நிபந்தனைக்கு உட்பட்டிருக்கும்.

அன்னை தெரேசாவின் 50 ஆண்டுகளை இந்த இடத்திலிருந்து படிக்கலாம். அவரிடம் கொடுப்பதற்கு இனிமை இருக்கவில்லை, ஆறுதல் இருக்கவில்லை, கடவுள் இருக்கிறார் என்ற உணர்வுகூட இருக்கவில்லை. விடியுமுன் எழுவதும், வறண்ட செபமும், புழு நெளியும் புண்ணைக் கழுவும் கைகளும் மட்டும் இருந்தன. இருந்ததை அவர் கொடுத்தார். 2016 செப்டம்பர் 4இல் திருஅவை அவரைப் புனிதர் என அறிவித்தபோது, நாள்தோறும் செபத்தில் உட்கார்ந்து எதையும் உணராமல் எழுந்துபோகும் எண்ணற்ற எளிய மனிதருக்கும் ஒரு செய்தியைச் சொல்லியது. உணர்வு வற்றிப்போனதால் தாம் கடவுளுக்கு வேண்டாதவராகிவிட்டோமோ என்று அவர்கள் அஞ்சுகிறார்கள். தாகமுற்றிருப்பவர் சுவை பார்ப்பதில்லை.